பக்க வேலையே பிழைப்பான கதை: மைக் பேட்டன்

முதலில் பெயர் பஞ்சாயத்தை முடித்துவிடலாம். பாட்டன் என்று எழுதினால் தாத்தா ஆகிவிடுவார், அதனால் பேட்டன். மைக் பேட்டன், அமெரிக்கப் பாடகர், 1968 ஜனவரியில் கலிஃபோர்னியாவின் வடகோடியில் இருக்கும் யுரேகா என்ற ஊரில் பிறந்தவர். பெரும்பாலானவர்களுக்கு இவரை ஃபெய்த் நோ மோர் பேண்டின் பாடகராகத்தான் தெரியும். அதிலும் பலருக்கு 'எபிக்' என்ற ஒரே பாட்டு, அந்த வீடியோவின் கடைசியில் துடிதுடிக்கும் மீன், அவ்வளவுதான். அந்தப் பாட்டு 1990ல் பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் 9ஆம் இடம் வரை ஏறியது. அதற்குப் பிறகு அவர் தொடங்கிய குழுக்கள், சேர்ந்த குழுக்கள், ஒரே ஒரு ஆல்பத்தோடு கைகழுவிய குழுக்கள் எல்லாவற்றையும் எண்ண ஆரம்பித்தால் பத்து விரல் போதாது.

ஒரு பெரிய ஹிட் கொடுத்த பாடகர்களுக்கு வழக்கமாக இரண்டு முடிவுகள்தான். அந்த ஹிட்டையே திரும்பத் திரும்பச் செய்து தேய்ந்துபோவது, இல்லையென்றால் காணாமல் போவது. பேட்டன் இரண்டும் ஆகவில்லை. முப்பத்தைந்து வருடமாக யாரும் கேட்காத இசையைச் செய்துகொண்டே, யாரோ ஒருவர் எப்போதும் கேட்டுக்கொண்டிருக்கும் இடத்தில் இருக்கிறார். எப்படி?

குரல்தான் காரணம் என்று சொல்வார்கள். 2014ல் பாடகர்களின் குரல் வீச்சை வைத்து இணையத்தில் ஒரு பட்டியல் சுற்றியது, அதில் ஆறு ஸ்தாயி என்று போட்டு இவரை முதலிடத்தில் வைத்திருந்தார்கள். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் அந்த ஆறில் உறுமலும் கீச்சுச் சத்தமும் சேர்ந்துதான் கணக்கு, அதையெல்லாம் வைத்து ஒருவர் முப்பத்தைந்து வருடம் ஓட்ட முடியாது. குரல் அவருக்குக் கதவைத் திறந்துவிட்டது, சரி. உள்ளே நின்று நிலைத்தது வேறு காரணங்களால் என்று நினைக்கிறேன், அவற்றைத்தான் இங்கே பிரித்துப் பார்க்கப் போகிறேன்.

முதல் விஷயம், எது முந்தி எது பிந்தி என்பது. 1985ல் பேட்டனும் ட்ரே ஸ்ப்ரூயன்ஸும் ட்ரெவர் டன்னும் யுரேகாவில் பள்ளிப் பையன்களாக இருந்தபோதே மிஸ்டர் பங்கிள் என்ற பேண்டைத் தொடங்கிவிட்டார்கள். யுரேகா மரவெட்டும் மீன்பிடியும்தான் பிழைப்பு என்று இருந்த ஊர், பெருநகரம் எதுவும் பக்கத்தில் கிடையாது. பேட்டன் அங்கே ஒரு இசைத்தட்டுக் கடையில் வேலை பார்த்தார், கையில் கிடைத்ததையெல்லாம் கேட்டார். 1986ல் பங்கிள் ஒரு டெமோ கேசட் போட்டது, தறிகெட்ட வேகத்தில் ஓடும் த்ராஷ் மெட்டல். அடுத்தடுத்த டெமோக்களில் ஸ்கா, ஃபங்க், சர்க்கஸ் வாத்தியம் எல்லாம் வந்து ஒட்டிக்கொண்டன.

அந்த டெமோதான் சான் ஃபிரான்சிஸ்கோவில் ஃபெய்த் நோ மோர் ஆட்களின் காதுக்குப் போனது. கிதார் வாசித்த ஜிம் மார்ட்டினுக்குப் பிடித்திருந்தது. பழைய பாடகர் சக் மோஸ்லி வெளியேற, 1988 கடைசியில் பேட்டன் உள்ளே வந்தார், அப்போது வயது இருபது. புது ஆல்பத்துக்கான இசை ஏறக்குறைய தயாராகவே இருந்தது. வந்த பையன் இரண்டு வாரத்தில் எல்லாப் பாட்டுக்கும் வரிகள் எழுதிப் பாடிக் கொடுத்தார். 'தி ரியல் திங்' 1989 ஜூனில் வந்தது, அடுத்த வருடம் எபிக் வெடித்தது.

இங்கேதான் கேஸ் திரும்புகிறது. பெரிய பேண்டில் இடம் கிடைத்தவர் ஊர் நண்பர்களின் பேண்டை விட்டுவிடவில்லை. எபிக் வீடியோவிலேயே மிஸ்டர் பங்கிள் டி-ஷர்ட் போட்டுக்கொண்டு நிற்கிறார், வேண்டுமானால் தேடிப் பாருங்கள். தேதிப்படி பார்த்தால் ஃபெய்த் நோ மோர்தான் அவருக்குப் பக்க வேலை, பங்கிள் அதைவிட மூன்று வருடம் மூத்தது. எபிக் ஓடியதும் வார்னர் பிரதர்ஸ் பங்கிளையும் ஒப்பந்தம் செய்தது. அந்தக் காலத்தில் ஒரு பெரிய நிறுவனம் தானாக மனமுவந்து தொடக்கூடிய பேண்டே இல்லை அது. முதல் ஆல்பம் 1991ல் வந்தது, தயாரித்தவர் நியூயார்க்கின் ஜான் ஸோர்ன், மேடையில் எல்லோரும் முகமூடி, அட்டையில் பேட்டன் பெயருக்குப் பதில் 'விளாட் ட்ராக்' என்று ஒரு புனைபெயர். எம்டிவியில் முகம் போட்டு விற்ற ஆளை வைத்துக்கொண்டு, முகமே தெரியாத ஒரு ஆல்பம்! ஹிட்டை அவர் செலவழித்த விதம் இது. அடுத்த ஹிட்டுக்கு முதலாகப் போடாமல், யாரும் பணம் போடாத ஒன்றுக்கு அதை ஜாமீனாக வைத்தார்.

ஸோர்னைப் பற்றி ஒரு வார்த்தை. பேட்டனுக்கு வழி காட்டியவர் யார் என்றால் நான் எந்த ராக் பாடகரையும் சொல்லமாட்டேன், ஸோர்னைத்தான் சொல்வேன். சாக்ஸபோன்காரர், இசையமைப்பாளர், ஆண்டுக்கு எத்தனை ஆல்பம் போடுகிறார் என்று அவரே எண்ணுவாரா என்பது சந்தேகம், 1995ல் ட்சாடிக் என்று சொந்த லேபிள், அதாவது இசை வெளியீட்டு நிறுவனம், தொடங்கி இன்றும் நடத்துகிறார். ஒரே ஆள் பத்து முகத்தோடு வேலை செய்யலாம், ரசிகர்கள் ஒவ்வொரு முகத்தோடும் கூடவே வரவேண்டிய கட்டாயம் இல்லை, வந்தவரை போதும் என்கிற கணக்கைப் பேட்டன் அங்கேதான் கற்றிருக்க வேண்டும்.

ஃபெய்த் நோ மோர் பக்கம் என்ன ஆனது? 1992ல் 'ஏஞ்சல் டஸ்ட்'. இன்னொரு எபிக் வரும் என்று காத்திருந்தவர்களுக்கு விதவிதமான ஒலித் துணுக்குகளும், கூச்சலும், கடைசியில் ஒரு பழைய சினிமாவின் தீம் இசையும் கிடைத்தது. என் கணக்கில் அவர்களுடைய மிகச் சிறந்த ஆல்பம் அதுதான். அமெரிக்கப் பட்டியலில் 10ஆம் இடத்தைத் தொட்டது, ஆனால் உள்ளே விரிசல். இந்தப் போக்கு பிடிக்காத ஜிம் மார்ட்டின் 1993ல் வெளியேறினார். பேட்டனைக் கொண்டுவர ஆசைப்பட்டவரே பேட்டன் கொண்டுவந்த ரசனையில் தங்கமுடியாமல் போனார் என்று கதையாகச் சொல்லலாம், ஆனால் அது முழு நியாயம் இல்லை, கீபோர்டு வாசித்த ராடி பாட்டமுக்கும் பேஸ் வாசித்த பில் கோல்டுக்கும் அந்தக் கிறுக்கில் சம பங்கு உண்டு. அதே வேளையில் கமடோர்ஸ் குழுவின் 'ஈஸி' என்ற மென்மையான பாட்டை அப்படியே, கிண்டல் இல்லாமல் பாடிப் போட்டார்கள், அது ஆஸ்திரேலியாவில் முதலிடம். கோணலாக எத்தனையோ யோசித்தவர்களுக்கு நேராகப் பாடியதில் கிடைத்த பரிசு! 1995 ஆல்பத்துக்குக் கிதார் வாசிக்க பங்கிளின் ஸ்ப்ரூயன்ஸே வந்தார், டூருக்கு முன்பே போய்விட்டார். 1997ல் இன்னொரு ஆல்பம், 1998 ஏப்ரலில் பேண்ட் கலைந்தது.

இந்த வருடங்களில் நடந்த இன்னொரு விஷயத்தை நான் முக்கியமான சாட்சியாக எடுக்கிறேன். ஃபெய்த் நோ மோர் டூரில் இருந்தபோது பேட்டன் ஓட்டல் அறைகளில் ஒரு நாலு ட்ராக் ரெக்கார்டரை வைத்துக்கொண்டு தன் குரலை மட்டும் பதிவு செய்துகொண்டிருந்தார். வாத்தியம் இல்லை, சொல் இல்லை, மெட்டு என்று பெரிதாக எதுவும் இல்லை. முனகல், இருமல், அலறல், வாயால் செய்யும் தேய்ப்புச் சத்தம். 34 துண்டுகளாக அது 1996ல் ஸோர்னின் லேபிளில் வந்தது. ஒரே மூச்சில் கேட்டு முடித்தேன் என்று யாராவது சொன்னால் நான் நம்பமாட்டேன், மூன்று முறை முயன்று நானே பாதியில் நிறுத்தியிருக்கிறேன். ஆனால் பிற்பாடு அவர் எதெதற்குக் கூப்பிடப்பட்டாரோ அத்தனைக்கும் பயிற்சிப் புத்தகம் இதுதான். 2007ல் வந்த 'ஐ ஆம் லெஜண்ட்' படத்தில் இருட்டில் திரியும் அந்த ஜந்துக்களின் குரல் இவருடையது. அதே வருடம் 'தி டார்க்னெஸ்' என்ற வீடியோ கேமில் அந்த இருளின் குரலும் இவர்தான். 2004ல் ஐஸ்லாந்துப் பாடகி பியோர்க் ஏறக்குறைய மனிதக் குரல்களை மட்டும் வைத்து 'மெடுல்லா' ஆல்பம் செய்தபோதும் இவரைக் கூப்பிட்டார். ஓட்டல் அறையில் வேலையற்றுச் செய்ததுபோல் தெரிந்தது பத்து வருடம் கழித்துச் சம்பளமாகத் திரும்பி வந்தது.

அடுத்து 1999. கதையை ஒரே வருடத்தில் சுருக்கச் சொன்னால் நான் இதைத்தான் எடுப்பேன்.

அந்த வருடம் பங்கிளின் மூன்றாவது ஆல்பம் 'கலிஃபோர்னியா' ஜூன் 8 அன்று வரவேண்டியது. அதே வார்னர் நிறுவனத்தில் ரெட் ஹாட் சில்லி பெப்பர்ஸின் 'கலிஃபோர்னிகேஷன்' அதே தேதிக்கு வந்து உட்கார்ந்தது. யார் நகர்வார்கள்? சின்ன பேண்ட்தான் நகரும். பங்கிள் ஜூலை 13க்குத் தள்ளிப்போனது. பெப்பர்ஸின் பாடகர் ஆன்டனி கீடிஸ், பேட்டன் தன் பாணியைத் திருடிவிட்டார் என்று எபிக் காலத்திலிருந்தே குறை சொல்லி வந்தவர். அந்த வருடம் ஐரோப்பாவில் சில விழாக்களில் பங்கிளின் இடம் பறிபோனதும் அவரால்தான் என்று பங்கிள் ஆட்கள் சொன்னார்கள். பதிலுக்கு அவர்கள் ஹாலோவீன் இரவில் மிஷிகன் மாநிலத்தின் பாண்டியாக்கில் பெப்பர்ஸ் மாதிரியே வேஷம் போட்டு மேடையேறி, அவர்கள் பாட்டுகளையே பாடிக் கிழித்தார்கள். ரசிகர்கள் இன்றுவரை இதைச் சொல்லிச் சிரிப்பார்கள். எனக்கு அதில் சிரிப்பைவிட தேதி விவகாரம்தான் முக்கியம். பெரிய நிறுவனத்தில் இருந்தால் உன் ஆல்பம் எப்போது வரும் என்பதைப் பக்கத்து அறைக்காரனின் வியாபாரம் தீர்மானிக்கும்.

அதே 1999ல், இந்தச் சண்டை முற்றுவதற்கு முன்பே, கிரெக் வெர்க்மன் என்பவரோடு சேர்ந்து பேட்டன் சொந்த லேபிள் தொடங்கிவிட்டார். பெயர் இபெகாக். விஷம் குடித்தவர்களை வாந்தி எடுக்க வைக்கக் கொடுத்த மருந்தின் பெயர் அது, வேறு யார் இப்படிப் பெயர் வைப்பார்கள்! நடைமுறை ரொம்ப எளிது: கலைஞர்களோடு ஒரு ஆல்பத்துக்கு மட்டும் ஒப்பந்தம், ஐந்து ஆறு என்று கட்டிப்போடுவதில்லை, அலுவலகச் செலவு குறைவு. குறைவாக விற்றாலும் நஷ்டம் வராத அளவில் கடை. மெல்வின்ஸ், ஐஸிஸ் என்று மற்ற பேண்டுகளும் வந்து சேர்ந்தன. நூறு பக்க வேலைகள் செய்யும் ஆளுக்கு நூறு நிறுவனங்களின் வாசலில் நிற்கவேண்டிய தேவை அதோடு முடிந்தது. பேட்டனின் வாழ்க்கையில் புத்திசாலித்தனமான ஒரே ஒரு முடிவைக் காட்டு என்றால் பாட்டு எதையும் காட்டமாட்டேன், இந்தக் கடையைக் காட்டுவேன்.

லேபிளின் முதல் வெளியீடு ஃபான்டோமாஸ் என்ற அவருடைய புதுக் குழுவின் ஆல்பம். ஃபெய்த் நோ மோர் கலைந்தபின் பேட்டன் தனியாக உட்கார்ந்து முழு ஆல்பத்தையும் டெமோவாகப் போட்டு, அதைத் தான் விரும்பிய ஆட்களுக்கு அனுப்பினார். மெல்வின்ஸின் பஸ் ஆஸ்போர்ன், பங்கிளின் ட்ரெவர் டன் இருவரும் சரி என்றார்கள். ட்ரம்ஸுக்கு முதலில் கேட்டது செபுல்டுரா என்ற மெட்டல் பேண்டின் இகோர் கவலேராவை, அவர் கைகாட்டியது ஸ்லேயர் பேண்டின் டேவ் லொம்பார்டோவை. முதல் ஆல்பத்தில் பாட்டுக்குப் பெயரே இல்லை, காமிக்ஸ் புத்தகம் மாதிரி பக்கம் 1, பக்கம் 2 என்று 30 வரை, அதில் 13ஆம் பக்கம் வெறும் மௌனம். 2001ல் வந்தது முழுக்கச் சினிமா தீம்கள். 2004ல் வந்தது அறுவை சிகிச்சையைப் பற்றிய ஒரே ஒரு ட்ராக், 74 நிமிடம். 2005ல் வந்தது அந்த வருட ஏப்ரல் மாதத்துக்கு நாளுக்கு ஒன்றாக 30 துண்டுகள், கூடவே ஒரு நாட்காட்டி.

கவனித்தீர்களா, ஒவ்வொன்றிலும் வேலைக்கு முன்பே ஒரு வேலி போட்டுக்கொள்கிறார். இதில் சொல் கிடையாது, இதில் ஒரே ட்ராக், இதில் முப்பதே நாள். அந்த வேலி இல்லாத இடத்தில் அவர் சிதறிப்போவதையும் பார்த்திருக்கிறோம். 2005ல் எக்ஸ்-எக்ஸிக்யூஷனர்ஸ் என்ற டிஜே குழுவோடு சேர்ந்து போட்ட ஆல்பம் எனக்கு அப்படித்தான் பட்டது: வெட்டு, ஒட்டு, வெட்டு, ஒட்டு, முடிவில் என்ன கேட்டோம் என்று நினைவில் நிற்பதில்லை.

வேலி ஒரு பாதி, ஆள் மறுபாதி. ஃபான்டோமாஸில் பேட்டன் முதலாளி, ஒவ்வொரு அடியும் அவர் எழுதியது. டோமஹாக் குழுவில் நேர்மாறு. அங்கே பாட்டின் எலும்புக்கூட்டைச் செய்வது ஜீஸஸ் லிஸர்ட் பேண்டில் இருந்த டுவேன் டெனிசன், ட்ரம்ஸ் ஹெல்மெட் பேண்டில் இருந்த ஜான் ஸ்டேனியர், பேட்டன் வந்து பாடுகிறார், கிட்டத்தட்ட வேலைக்கு வந்த ஆள் மாதிரி. அதனாலேயே ஃபெய்த் நோ மோர் பிடித்தவர்களுக்கு முதலில் டோமஹாக்கைத்தான் கொடுக்கவேண்டும் என்பது என் சிபாரிசு, நேரான ராக் பாட்டுகள், உள்ளே கொஞ்சம் விஷம். 2002ல் டில்லிஞ்சர் எஸ்கேப் ப்ளான் பேண்டுக்குப் பாடகர் இல்லாத இடைவெளியில் போய் நாலு பாட்டு மட்டும் பாடிக்கொடுத்துவிட்டு வந்தார், பந்தியில் பரிமாற ஆள் குறைந்தால் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கும் சொந்தக்காரர் மாதிரி. 2025ல் ஏவட் பிரதர்ஸ் என்ற நாட்டுப்புறப் பாணிச் சகோதரர்களோடு ஒரு ஆல்பம். நடுவில் நான் சொல்லாமல் விட்டவை இன்னும் ஒரு டஜன் இருக்கும், விட்டுவிடலாம்.

தோல்வி என்று ஒன்றைச் சொல்லவேண்டுமானால் பீப்பிங் டாம், 2006. இது அவருடைய பாப் ஆல்பம். ஆறு வருடம் போல இழுத்தது. ஆளுக்கு ஆள் டேப்பையும் ஃபைலையும் அனுப்பி வாங்கிச் செய்த வேலை, நோரா ஜோன்ஸ், மாஸிவ் அட்டாக், கூல் கீத், டான் தி ஆட்டோமேட்டர் என்று பெயர்களுக்குக் குறைவில்லை. கேட்க நன்றாகவும் இருக்கிறது. ஆனால் ரேடியோ அதை எடுக்கவில்லை, அவரும் அதைத் தொடரவில்லை. ஆட்கள் ஒரே அறையில் இல்லாதது தெரிகிறது என்பது என் புகார். பாட்டுக்குப் பாட்டு விருந்தாளி வருகிறார், யாரும் யாரோடும் சண்டை போடுவதில்லை.

அதற்கு எதிர்ப்பக்கம் 'மோண்டோ கானே' என்ற ஆல்பம். பேட்டன் இத்தாலியில் பொலோன்யாவில் கொஞ்ச காலம் வாழ்ந்தார், இத்தாலிய மொழி கற்றார். 1950, 60களின் இத்தாலிய பாப் பாட்டுகளில் விழுந்தார். ஜீனோ பாவோலி, ஃப்ரெட் புஸ்கலியோனே, எனியோ மோரிகோனே என்று நம்மூரில் மோரிகோனேயைத் தவிர யாரையும் தெரிந்திருக்காது. அந்தப் பாட்டுகளை நாற்பது பேர் கொண்ட ஆர்க்கெஸ்ட்ராவோடு, இத்தாலிய மொழியிலேயே, இத்தாலிய மேடைகளில் பாடினார். அந்தக் கச்சேரிப் பதிவுகளிலிருந்து செய்த ஆல்பம் 2010ல் வந்தது. 'இல் சியேலோ இன் உனா ஸ்டான்ஸா'வை அவர் பாடுவதைக் கேட்டால், இதே தொண்டைதான் ஓட்டல் அறையில் இருமிக்கொண்டிருந்தது என்று சத்தியம் செய்தாலும் நம்பமுடியாது. அதே ஆல்பத்தில் கத்தவும் செய்கிறார், அந்தக் காலத்து இத்தாலிய கராஜ் ராக் பாட்டு ஒன்றில் அதற்கு இடம் இருக்கிறது, அதனால் உறுத்தவில்லை. ஒருவர் கேலி செய்யாமல் இன்னொரு ஊரின் பழைய பாட்டை எடுத்துப் பாடுவது எப்படி என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை.

பழைய வீட்டுக்கும் போனார். 2009ல் ஃபெய்த் நோ மோர் மீண்டும் கூடியது, ஐரோப்பிய விழாக்களில் பெரிய கூட்டம். பதினெட்டு வருட இடைவெளிக்குப் பிறகு 2015ல் 'சோல் இன்விக்டஸ்'. பேண்ட் தனக்கென்று தொடங்கிய லேபிளில் வந்தது, விநியோகம் யார் என்று பார்த்தால் இபெகாக். ஒரு காலத்தில் ஃபெய்த் நோ மோரின் ஹிட்டைக் காட்டிப் பங்கிளுக்கு இடம் வாங்கினார், இப்போது பக்க வேலைக்காகப் போட்ட கடையில் ஃபெய்த் நோ மோர் வந்து நிற்கிறது.

2020 பிப்ரவரியில் பங்கிளும் திரும்பியது. பேட்டன், ஸ்ப்ரூயன்ஸ், டன் மூவரோடு ஆந்த்ராக்ஸ் பேண்டின் ஸ்காட் இயனும் லொம்பார்டோவும். வாசித்தது என்ன தெரியுமா, அந்த 1986 கேசட்டைத்தான். அதையே முறையாகப் பதிவு செய்து அக்டோபரில் வெளியிட்டார்கள். ஆனால் அதற்குள் கொரோனா வந்து எல்லா மேடையும் மூடியிருந்தது.

2021 செப்டம்பரில் ஃபெய்த் நோ மோர், பங்கிள் இரண்டின் கச்சேரிகளும் ரத்தாயின, பேட்டனின் மனநலம் காரணம் என்று அறிவித்தார்கள். அடுத்த வருடம் அவரே வெளிப்படையாகப் பேசினார்: ஊரடங்கில் தனியாக இருந்து இருந்து ஆட்களைப் பார்க்கவே பயம் வந்துவிட்டது, அகோராஃபோபியா என்று மருத்துவர்கள் சொன்னார்கள், குடியும் சேர்ந்துகொண்டது. இதை வைத்து யாரும் வைத்தியம் பேசக்கூடாது, நானும் பேசவில்லை. வேலை பற்றி மட்டும் ஒன்று தோன்றுகிறது. முப்பது வருடமாக ஒரு ஆளிடமிருந்து இன்னொரு ஆளிடம், ஒரு அறையிலிருந்து இன்னொரு அறைக்கு என்று போய்க்கொண்டே இருந்ததுதான் இவருடைய முறை. அந்த ஓட்டம் ஒரேயடியாக நின்ற வருடம் அது.

ரத்தான ஃபெய்த் நோ மோர் டூர் அப்படியே நின்றுபோனது. 2022 டிசம்பரில் அவர் தென் அமெரிக்காவில் மீண்டும் மேடை ஏறியபோது பக்கத்தில் நின்றவர்கள் ஸ்ப்ரூயன்ஸும் டன்னும், யுரேகா பள்ளிக்கூடத்துக் கூட்டாளிகள்.